இரவல்

2019 செப்டம்பரில் ஒரு சாயங்காலம். போடி பேருந்து நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு ஜீப் டிரைவர் அண்ணன் என் கையில் ஒரு தீப்பெட்டியைக் கொடுத்தார். "பூப்பாறையில இருந்து உன் ஃப்ரெண்டு குடுத்துவிட்டான். பத்திரம் பத்திரம்னு மூணு தடவ சொல்லிட்டான். உள்ள என்னடா தம்பி, மோதிரமா?"

திறந்து காட்டினேன். உள்ளே நகத்தைவிடக் கொஞ்சம் பெரிதாக ஒரு பிளாஸ்டிக் வில்லை. நின்டெண்டோ ஸ்விட்ச் கருவியில் செருகி விளையாடும் கேம் கார்டு. "இதுக்கா இம்புட்டு?" என்று சிரித்துவிட்டு அவர் டீக்கடைக்குப் போய்விட்டார்.

தினமும் விடியற்காலையில் போடியிலிருந்து ஜீப்புகள் தோட்ட வேலைக்கு ஆட்களை ஏற்றிக்கொண்டு மலைக்குப் போகும். சாயங்காலம் இறங்கும். போடிமெட்டு வரை 17 கொண்டை ஊசி வளைவு, அதைத் தாண்டினால் கேரளா. அந்த ஜீப்புகளில் ஆட்கள் மட்டும் போய் வருவதில்லை. மாத்திரை, கல்யாணப் பத்திரிகை, தைக்கக் கொடுத்த ஜாக்கெட், கைமாத்துப் பணம் எல்லாம் போய் வரும். ரசீது கிடையாது. "அண்ணே, இத அங்க குடுத்துருங்க" என்றால் போதும்.

அந்தக் கார்டில் இருந்தது 'தி லெஜண்ட் ஆஃப் செல்டா: பிரெத் ஆஃப் தி வைல்ட்'. தீப்பெட்டியைத் திறந்ததும் ஏலக்காய் வாசனை அடித்தது. கார்டை நாக்கில் வைத்தால் கசக்கும். சின்னப் பிள்ளைகள் விழுங்கிவிடக் கூடாது என்று ஒரு கசப்பு ரசாயனத்தைப் பூசித்தான் அனுப்புகிறார்கள். நான் வைத்துப் பார்த்தேன். உண்மைதான்.

அவனுக்கு அந்த ஸ்விட்ச் வந்த கதையும் ஏலக்காய்க் கதைதான். 2018 வெள்ளத்தில் மலையில் ஏகப்பட்ட செடி போனது. அடுத்த வருஷம் மழை தள்ளிப் போனது. காய் குறைந்து, 2019 ஆகஸ்டில் புற்றடி ஏலத்தில் கிலோ அதிகபட்சமாக 7,000 ரூபாயைத் தொட்டது. சரக்கை விற்காமல் வைத்திருந்தவர்கள் பிழைத்தார்கள். அவன் அப்பாவிடம் கொஞ்சம் இருந்தது. மகன் கேட்டதை வாங்கிக் கொடுத்துவிட்டார். என் ஸ்விட்ச் சிங்கப்பூரிலிருந்து மாமா கொண்டுவந்தது. கருவி இருந்தது, விளையாடக் கேம் இல்லை. அதனால்தான் அவன் அனுப்பினான். "முடிச்சுட்டு குடு மாப்ள, அவசரமில்ல."

டவுன்லோடு செய்துகொள்ள வேண்டியதுதானே என்று நீங்கள் கேட்கலாம். அன்றைய ஸ்விட்ச்சில் உள்ளே இருந்த இடம் 32 ஜிபி. சிஸ்டம் எடுத்துக்கொண்டது போக நமக்கு மிஞ்சுவது சுமார் 26. இந்தக் கேம் மட்டும் 13 ஜிபிக்கு மேல். 2023இல் வந்த இதன் அடுத்த பாகம் சுமார் 16 ஜிபி. மெமரி கார்டு போடாமல் இரண்டையும் ஒன்றாக வைத்துக்கொள்ள முடியாது. அன்று எங்கள் போனில் ஒரு நாளைக்கு 1.5 ஜிபி. வேறு எதையும் தொடாமல் இருந்தால் ஒரு கேம் இறங்க ஒன்பது நாள். பூப்பாறைச் சரிவில் சிக்னல் வேண்டுமென்றால் பாறைமேல் ஏறி நிற்க வேண்டும். போதாததற்கு, இந்தியாவுக்கென்று நின்டெண்டோ இணையக் கடை கிடையாது. வேறு நாட்டுக்காரனாகப் பதிந்துகொண்டுதான் வாங்க வேண்டும். எங்களுக்குக் கார்டு என்பது ரசனை சார்ந்த விஷயமில்லை. அதுதான் வழி.

ஆனால் இரவல் வாங்கும் பழக்கம் ஸ்விட்ச்சோடு வந்ததில்லை. எங்கள் தெருவில் அதற்கு முன்பே 'டிவி கேம்' இருந்தது. மஞ்சள் கேசட், உள்ளே மரியோவும் கான்ட்ராவும். மேலே '9999999 இன் 1' என்று அச்சடித்திருக்கும், எண்ணிப் பார்த்தால் பத்து கேம்கூடத் தேறாது. ஓடாவிட்டால் ஊதிப் போடுவோம். அவை பெரும்பாலும் கள்ள நகல்கள் என்று பின்னால்தான் தெரிந்தது. சட்டப்படி பார்த்தால் எங்கள் தெருவில் யாருக்கும் எதுவும் சொந்தமில்லை. ஆனாலும் யாருடைய கேசட் யார் வீட்டில் இருக்கிறது, எத்தனை நாளாக இருக்கிறது, ஞாயிற்றுக்கிழமைக்குள் திரும்ப வந்ததா என்பதெல்லாம் எல்லாருக்கும் மனப்பாடம். நியாயம் என்ற ஒன்றை நான் முதலில் படித்தது அந்தக் கணக்கில்தான்.

அந்தக் கணக்கில் நானே தவறினேன்.

2020 மார்ச்சில் ஊரடங்கு. போடிமெட்டில் எல்லையை மூடினார்கள். ஜீப்புகள் நின்றன. கார்டு என்னிடமே தங்கிவிட்டது. அடுத்த வருஷம் ஆன்லைன் பரீட்சைக்கு ஒரு வாரம் இருக்கும்போது போன் டிஸ்ப்ளே உடைந்தது. வீட்டில் கேட்கிற நிலைமை இல்லை. அந்தக் கார்டை இணையத்தில் ஒரு கோயம்புத்தூர்க்காரருக்கு 2,500 ரூபாய்க்கு விற்றேன். 'அப்புறம் வாங்கிக் குடுத்துரலாம்' என்று நினைத்துக்கொண்டேன். நினைத்ததோடு சரி.

2010 கடைசியில் நிறுத்தப்பட்ட ரயில், 2023 ஜூன் 15 அன்று அகலப் பாதையில் மறுபடி போடிக்கு வந்தது. அதைப் பார்க்க மலையிலிருந்தும் ஆட்கள் இறங்கினார்கள். அவனும் வந்தான். பிளாட்பாரத்தில் என் தோளில் கையைப் போட்டு, "பன்னெண்டு வருஷமா வராத ரயிலே வந்துருச்சு மாப்ள. என் கேசட் எப்ப வரும்?" என்றான். சிரித்துக்கொண்டுதான் கேட்டான். நானும் சிரித்துக்கொண்டே சொன்னேன்: "வீடு மாத்தும்போது தொலைஞ்சு போச்சுடா."

இந்தப் பொய்யோடு இரண்டு வருஷம் இருந்ததால்தான், கார்டா டவுன்லோடா என்ற விவாதத்தை என்னால் வெறும் வசதிக் கணக்காகப் பார்க்க முடியவில்லை.

2025 ஏப்ரலில் நின்டெண்டோ 'விர்ச்சுவல் கேம் கார்டு' என்று ஒன்றைக் கொண்டுவந்தது. டவுன்லோடு செய்து வாங்கிய கேமையும் இனி இரவல் கொடுக்கலாம். உங்கள் 'குடும்பக் குழு'வில் உள்ள ஒருவருக்கு, இரண்டு வாரத்துக்கு. கெடு முடிந்ததும் அது தானாகவே உங்களிடம் திரும்பிவிடும். இதைப் படித்தபோது எனக்கு முதலில் வந்தது பொறாமை. இது அன்றைக்கு இருந்திருந்தால் நான் திருடனாகியிருக்க மாட்டேன். பதினைந்தாம் நாள் காலையில் கேம் அவனிடம் போயிருக்கும். விற்க முடியாது, தொலைக்க முடியாது, பொய் சொல்லத் தேவையே வந்திருக்காது.

அப்புறம்தான் உறுத்தியது. தானாகத் திரும்பிவிடும் ஒன்றை இரவல் என்று சொல்லலாமா? இரவலில் நடப்பது என்ன? ஒருவன் தன் பொருளை விட்டுக்கொடுத்துவிட்டுக் கொஞ்ச நாள் அது இல்லாமல் இருக்கிறான். அது திரும்புமா என்பது இன்னொருவனின் குணத்தைப் பொறுத்தது. அந்தக் கொஞ்ச நாள்தான் இரவல். அதில் நான் நேர்மையாக இருக்கலாம், இல்லாமலும் போகலாம். கெடு முடிந்ததும் எந்திரமே பிடுங்கிக்கொள்ளும் என்றால் நான் நேர்மையானவனாக நடந்துகொள்ளவில்லை. தவறு செய்ய வழியில்லாதவனாக இருந்தேன், அவ்வளவுதான். என் நண்பனும் என்னை நம்பவில்லை. அவன் நம்பியது ஒரு சர்வரை.

இதற்கு ஒரு நல்ல மறுப்பு உண்டு. பிறர் ஏமாற்றுவதற்கு இடம் வைத்தால்தான் அறம் வாழும் என்பது, பூட்டே போடாதே என்று சொல்வது போல இல்லையா? நஷ்டப்பட்டது அவன், தத்துவம் பேசுவது நானா? நியாயமான கேள்வி. நான் பூட்டுக்கு எதிரி இல்லை. ஆனால் பூட்டு வேறு, கதவே வைக்காத சுவர் வேறு. பூட்டின் சாவி என்னிடம் இருக்கிறது. நான் விரும்பினால் பக்கத்து வீட்டுக்காரருக்குத் திறப்பேன். யாருக்குத் திறக்கலாம், எத்தனை நாள், எது என் குடும்பம் என்பதையெல்லாம் வேறொருவர் முடிவு செய்துவிட்டால் அந்த வீடு யாருடையது? குடும்பக் குழுவில் மொத்தம் 8 பேர். அவனைச் சேர்த்துக்கொள்ளலாம்தான். ஜீப் டிரைவர் அண்ணனுக்கு அதில் இடமில்லை.

இந்த ஊர்ப் பேச்சில் ஒரு பொருளை வைத்திருப்பதற்கு எத்தனை சொல் இருக்கிறது பாருங்கள். சொந்தம், ஒத்தி, வாடகை, குத்தகை, இரவல், கைமாத்து. ஒவ்வொன்றிலும் யார் யாருக்கு எதைத் திருப்பித் தர வேண்டும் என்பது தெளிவு. டவுன்லோடு கேம் இதில் எது? சொந்தம் என்றால் விற்க முடிய வேண்டும். ஒத்தி என்றால் போகும்போது என் பணம் திரும்ப வர வேண்டும். வாடகை என்றால் காலம் தெரிய வேண்டும். இது படம் எப்போது முடியும் என்று எழுதாத சினிமா டிக்கெட். கலிஃபோர்னியாவில் 2025 ஜனவரி முதல் ஒரு சட்டம் நடைமுறையில் இருக்கிறது. டிஜிட்டல் பொருளை விற்கும் கடை, நீங்கள் பெறுவது உரிமம்தான் என்று தெளிவாகச் சொல்லாமல் 'வாங்குங்கள்' என்ற சொல்லைப் போடக் கூடாது. ஒரு சொல்லைக் காப்பாற்ற ஒரு சட்டம் தேவைப்பட்டிருக்கிறது.

வழக்கமாகக் கார்டுக் கட்சிக்காரர்கள் சொல்வது நிரந்தரம். 2023 மார்ச் 27 அன்று 3டிஎஸ், வீ யூ கருவிகளின் இணையக் கடையில் விற்பனையை நின்டெண்டோ நிறுத்தியது. டவுன்லோடாக மட்டுமே வந்த கேம்களை அதற்குப் பிறகு அங்கே புதிதாக யாரும் வாங்க முடியாது. அதே ஆண்டு வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் ஓர் ஆய்வை வெளியிட்டது. அமெரிக்காவில் 2010க்கு முன் வந்த கேம்களில் 87 சதவீதம் இன்று கடையில் கிடைப்பதில்லை என்றது. வருத்தமான எண்தான்.

ஆனால் கையில் பொருள் இருந்தாலே நிரந்தரம் என்பதும் பொய். யூபிசாஃப்டின் 'தி க்ரூ' கேமின் சர்வரை 2024 மார்ச் 31 அன்று அணைத்தார்கள். அதை டிஸ்க்காக வாங்கி அலமாரியில் வைத்திருந்தவர்களுக்கும் அன்றோடு கேம் இல்லை. பழைய கேம் பாய் போக்கிமான் கார்டுகளில் நாம் சேமித்த ஆட்டம் உள்ளே இருக்கும் சின்ன பேட்டரியை நம்பித்தான் இருந்தது. பேட்டரி தீர்ந்தால் ஆட்டமும் போகும். ஸ்விட்ச் கார்டிலோ நம் ஆட்டம் பதிவதே இல்லை. அது கருவிக்குள்தான் இருக்கும். நண்பன் நூறு மணி நேரம் அலைந்த மலைகளில் ஒன்றுகூட அந்தத் தீப்பெட்டியில் வரவில்லை.

ஓலையும் அப்படித்தான். பூச்சி அரிக்கும், படி எடுக்காவிட்டால் அழியும். உ.வே.சாமிநாதையர் 1887இல் சீவக சிந்தாமணியைப் பதிப்பித்தது ஒரே பெட்டியில் பத்திரமாக இருந்த ஒரே சுவடியை வைத்து அல்ல. பல ஊர்களில், பல வீடுகளில் கேட்டு வாங்கிய ஏடுகளை ஒப்பிட்டுத்தான். நூல் பிழைத்ததற்கு ஓலை உறுதி காரணமில்லை. படியெடுத்தவர்களும் நம்பிக் கொடுத்தவர்களும்தான் காரணம். கொடுக்க மறுத்தவர்களும் இருந்தார்கள். கொடுப்பதும் மறுப்பதும் அவர்கள் கையில் இருந்தது.

கார்டை நான் விரும்புவது அது அழியாது என்பதற்காக இல்லை. அதை ஒருவரிடம் கொடுக்க முடியும் என்பதற்காக. திரை வந்ததால் கை போய்விட வேண்டும் என்று கட்டாயமில்லை. போடியில் ஸ்பைசஸ் போர்டின் மின்னணு ஏல மையத்தில் வியாபாரிகள் திரை முன்னால் உட்கார்ந்து பட்டனை அழுத்தித்தான் விலை ஏற்றுகிறார்கள். ஆனால் ஒவ்வொரு லாட்டின் சாம்பிளும் கைக்கு வருகிறது. உள்ளங்கையில் கொட்டி, நிறமும் பருமனும் பார்த்துத்தான் விலை சொல்கிறார்கள். எதைத் திரைக்கு விடலாம், எதை விடக் கூடாது என்று அவர்கள் யோசித்திருக்கிறார்கள்.

கேம் உலகமும் யோசிக்கிறது, வேறு பக்கமாக. 2025 ஜூன் 5 அன்று வந்த ஸ்விட்ச் 2இல் 256 ஜிபி இடம் உண்டு. அதற்கு வரும் சில கேம்கள் 'கேம் கீ கார்டு'. பார்க்க அதே வில்லை. உள்ளே கேம் இல்லை, டவுன்லோடு செய்ய அனுமதி மட்டும். இரவல் கொடுக்கலாம், விற்கலாம். ஆனால் மலைமேல் சிக்னல் இல்லாதவனுக்குக் கொடுத்தால் அவன் கையில் இருப்பது வெறும் பிளாஸ்டிக். சர்வர் ஒரு நாள் நின்றால் புதிதாக இறக்க வேண்டிய எல்லாருக்கும் அதே கதி. கொடுக்கும் சுதந்திரத்தை வைத்துக்கொண்டு, கொடுக்கும் பொருளை எடுத்துவிட்டார்கள்.

போன மாதம் அதே கேமின் கார்டு ஒன்றைப் பழையதாக வாங்கினேன். வாங்கிவிட்டு அவனுக்குப் போன் செய்தேன். தொலையவில்லை, விற்றேன் என்று சொன்னேன். கொஞ்ச நேரம் சத்தமில்லை. காற்றும் தூரத்தில் ஏதோ மோட்டார் சத்தமும் மட்டும் கேட்டது.

"தெரியும் மாப்ள. டிஸ்ப்ளே மாத்துனத ஸ்டேட்டஸ் போட்டியே. காசு ஏதுன்னு அப்பவே யோசிச்சேன்" என்றான். பிறகு, "வித்தேன்னு அன்னைக்கே சொல்லிருக்கலாம்ல" என்றான். அதற்கு என்னிடம் பதில் இல்லை.

அவன் இப்போது ஸ்விட்ச் 2 வைத்திருக்கிறான். வீட்டுக்கு வைஃபை வந்துவிட்டது. எல்லாம் டவுன்லோடுதான். "நெறைய கேம் இருக்குடா, உனக்குக் குடுத்துவிடணும்னு நெனச்சாலும் முடியாது" என்றான். பெருமையாகச் சொன்னானா வருத்தமாகச் சொன்னானா என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. "அந்தக் கேசட்ட அனுப்பு. தங்கச்சி பையன் கேட்டுக்கிட்டே இருக்கான்."

மறுநாள் காலை ஜீப் கிளம்புவதற்கு முன்னால் போய் நின்றேன். அதே டிரைவர் அண்ணன் இல்லை, வேறொருவர். தீப்பெட்டியைக் கொடுத்து, எங்கே யாரிடம் என்று சொன்னேன். அவர் அதைத் திறந்துகூடப் பார்க்காமல் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.