காந்தம் பிடித்த மணிக்கூடு

மருமகன் ஒரு கதையோடு வந்தான். 1943 இல் அமெரிக்காவின் பிலடெல்பியா துறைமுகத்தில் ‘எல்ட்ரிட்ஜ்’ என்ற போர்க்கப்பலைப் பலத்த மின்காந்தப் புலத்துக்குள் வைத்தார்களாம்; கப்பல் கண்ணுக்கு மறைந்து, காலத்தில் முன்னும் பின்னும் போய் வந்ததாம். அப்படி ஒன்றும் நடக்கவில்லை என்று அந்நாட்டுக் கடற்படை மறுத்துவிட்டது. நடந்தது வேறு. காந்தக் கண்ணிவெடிகளுக்குத் தப்புவதற்காக, அந்நாட்களில் கப்பல்களைச் சுற்றிக் கம்பி கட்டி மின்சாரம் பாய்ச்சி, இரும்பிலிருந்த காந்தத்தைத் தணித்தார்கள். அந்த வேலையை ஒட்டித்தான் கதை முளைத்திருக்க வேண்டும் என்றேன். மருமகனுக்கு இந்த விளக்கம் ருசிக்கவில்லை.

“அதை விடுங்க மாமா. அப்பிடி ஒரு மெஷின் இருந்தா நீங்க எந்த நாளைக்குப் போவீங்க?”

புத்தளத்தில் பிறந்த பிள்ளை. நான் என்ன திகதி சொல்வேன் என்று தெரிந்துகொண்டே கேட்டான். 1990 ஒக்டோபர் 30. யாழ்ப்பாண நகரத்து முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் இரண்டு மணித்தியாலத்துக்குள் வெளியேறச் சொன்ன நாள். எங்கள் வீடுகளில் அந்தத் திகதி ஒரு ஆளைப் போலக் குந்தியிருக்கிறது.

ஆனால் எனக்கு நினைவு வந்தது இணுவில்.

எழுபதுகளின் நடுப்பகுதி. வாப்பா சைக்கிளில் துணி கட்டிக்கொண்டு கோண்டாவில், இணுவில், சுன்னாகம் என்று வியாபாரத்துக்குப் போவார். அவருடைய கைமணிக்கூட்டை ஒரு இரவு நான் றேடியோப் பெட்டிக்குள், ஒலிபெருக்கியின் காந்தத்துக்குப் பக்கத்தில் வைத்துவிட்டேன். அதற்குப் பிறகு அது ஓடத் தொடங்கியது. வாப்பா லுஹருக்குப் பள்ளிக்குப் போனால் அங்கே முஅத்தினே வந்திருக்கமாட்டார். காங்கேசன்துறை வீதியில், இணுவிலில், ஒரு சின்ன மணிக்கூட்டுக் கடை இருந்தது. வாப்பா என்னையும் கூட்டிப்போனார்.

திருத்துகிறவர் மணிக்கூட்டுக்குக் கிட்ட ஒரு திசையறிகருவியைப் பிடித்தார். முள் ஆடியது. “காந்தம் பிடிச்சிட்டுது” என்றார். உள்ளே மயிரிழை போல ஒரு சுருள்வில் இருக்கிறது. காந்தம் ஏறினால் அதன் சுற்றுகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். வில் கட்டையானது போல ஆகிவிடும். சக்கரம் விரைவாக ஆடும். அவர் மணிக்கூட்டை ஒரு கம்பிச் சுருளுக்குள் வைத்து மின்சாரத்தை விட்டு, மெல்ல மெல்ல வெளியே எடுத்தார். பிலடெல்பியாக் கப்பலுக்குச் செய்த அதே வைத்தியம்.

“அப்ப முந்திப்போன நேரம்?” என்று கேட்டேன்.

“முந்தினது மணிக்கூடுதான் தம்பி. நேரம் தன்ரபாட்டில போகுது” என்று சிரித்துவிட்டு, முள்ளைத் திருப்பிச் சரியான நேரத்துக்கு வைத்தார்.

2002 யுத்தநிறுத்தத்துக்குப் பிறகு, வீதி திறந்ததும் நான் ஊருக்குப் போனேன். அரசாங்கம் 1996 இல் மணிக்கூட்டை முன்னுக்குத் தள்ளியிருந்தது. புலிகளின் பகுதி பழைய நேரத்திலேயே நின்றது. வன்னிக்குள் நுழைந்ததும் பஸ்ஸில் இருந்தவர்கள் அரை மணித்தியாலம் பின்னுக்குத் திருப்பினார்கள். ஒரு நாட்டில் இரண்டு நேரம். 2006 ஏப்ரலில் அரசாங்கமே பழைய நேரத்துக்கு இறங்கி வந்தது. சட்டைப் பைக்குள் காணி உறுதி இருந்தது. குகைத் தோழர்கள் முன்னூற்றொன்பது ஆண்டு தூங்கி எழுந்து, ஒருவர் கையில் வெள்ளி நாணயத்தைக் கொடுத்து ஊருக்குள் அனுப்பிய சம்பவம் அன்று எனக்கு வேறுவிதமாக விளங்கியது. சோனகத் தெருவில் என் உறுதியும் அந்த நாணயந்தான்.

திரும்பும் வழியில் இணுவிலில் இறங்கினேன். கடை இருந்த இடத்தில் தொலைபேசி நிலையம். பக்கத்து வீட்டு அம்மா சொன்னார்: “தொண்ணூற்றைஞ்சு இடம்பெயர்விலை போனவர். பிறகு வரேல்லை.” வலிகாமம் முழுவதும் ஒரே இரவில் கிளம்பியது 1995 ஒக்டோபர் 30 இல். திகதியைக் கேட்டதும் நான் திண்ணையில் இருந்துவிட்டேன்.

இயந்திரத்தை எந்த 30 இல் நிறுத்துவது? என்னுடையதில் நிறுத்தினால் அவருடையது இன்னும் ஐந்து வருடம் தள்ளிக் காத்துக்கொண்டிருக்கும். அவருடையதில் நிறுத்தினால் அங்கே நான் இல்லை.

“நடந்ததை மறந்து புதிதாகத் தொடங்குவோம்” என்று நல்ல மனதோடு சொல்கிற தமிழ் நண்பர்கள் எனக்கு உண்டு. அவர்கள் கேட்பது காந்தம் நீக்கும் வேலை. இணுவில்காரர் அதோடு நிறுத்தவில்லையே. முள்ளையும் சரியான இடத்துக்குத் திருப்பினார். மனிதனுடைய ஹக்கைத் திருப்பிக் கொடுக்காமல் தௌபா நிறைவேறாது என்று நமது உலமாக்கள் சொல்வதும் இதைத்தான். காலம் கடந்ததால் உரிமை அழியாது என்பது உஸ்மானியரின் மஜல்லா விதி. நமது நாட்டில் 1871 ஆம் ஆண்டின் ஆட்சியுரிமைச் சட்டம் வேறு மாதிரி: பத்து வருடம் எதிர்ப்பின்றி வைத்திருந்தால் காணி வைத்திருப்பவருக்கு. எங்களுக்குப் பத்து வருடம் முகாமிலேயே முடிந்தது. 2016 இல்தான் பாராளுமன்றம் ஒரு விசேட சட்டம் கொண்டுவந்தது: ஆயுதக் குழுக்களின் செயலால் 1983 மே முதல் 2009 மே 18 வரை வழக்குப் போட முடியாமலிருந்தவர்களுக்கு அந்தக் காலம் எண்ணப்படாது. ஒரு காந்தமும் இல்லாமல், காகிதத்தில் காலத்தை நிறுத்தினார்கள்! அதற்குள் உறுதி எழுதிய பலர் மௌத்தாகிவிட்டார்கள், வாப்பாவும்.

மருமகன் பதிலுக்குக் காத்திருந்தான். இணுவில் கடைக்குப் போவேன் என்றேன்.

“அங்க போய் என்ன மாத்துவீங்க?”

“ஒண்டுமில்லை. அந்த மனுசன்ர பேரைக் கேட்டு வைப்பன். வாப்பாவுக்குத் தெரியும், நான் கேக்கேல்லை. பேர் தெரிஞ்சிருந்தா எங்கயாவது விசாரிச்சிருக்கலாம்.”