யாருடைய சம்மதம்?

அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில், குற்றம் சாட்டப்பட்ட மனநோயாளிகளை அடைத்துவைத்த பிரிட்ஜ்வாட்டர் மருத்துவமனையில் 1966இல் ஃப்ரெடரிக் வைஸ்மன் படமெடுத்தார். ‘டிட்டிகட் ஃபாலீஸ்’ என்ற அந்த ஆவணப்படத்தில், சாப்பிட மறுக்கும் ஒருவரின் மூக்கில் குழாயைச் செருகிப் புனல் வழியே உணவு ஊற்றுகிறார் மருத்துவர். அவர் வாயில் சிகரெட். நீண்டு தொங்கும் சாம்பல் எந்த நேரமும் புனலில் விழுந்துவிடும் போலிருக்கிறது. இடையிடையே, பின்னர் இறந்துபோன அதே மனிதரின் உடலை அடக்கத்துக்குத் தயார் செய்வதும் காட்டப்படுகிறது. அந்த இடத்தின் கொடுமையை எந்த அறிக்கையும் இவ்வளவு உறைக்கச் சொல்லியிருக்காது. ஆனால் படமெடுக்க அனுமதித்தவர்கள் அதிகாரிகள். நிர்வாணமாக நிறுத்தப்பட்ட நோயாளிகளில் பலர், எதற்குச் சம்மதிக்கிறோம் என்று உணரும் நிலையிலேயே இல்லை.

நோயாளிகளின் அந்தரங்கத்தைக் காரணம் காட்டி அரசு வழக்குத் தொடுத்தது. 1968இல் படம் தடை செய்யப்பட்டது. பொதுமக்கள் பார்ப்பதற்கு இருந்த தடை 1991இல்தான் நீங்கியது. அந்த மனிதர்களை உடையின்றி வைத்திருந்த அரசே அவர்களுடைய மானத்துக்காக வாதாடியது அநியாயம். நோயாளிகளின் சம்மதத்துக்காகக் காத்திருந்தால் உண்மை வெளிவந்தே இருக்காது என்று படத்தின் ஆதரவாளர்கள் சொல்வதில் வலு உண்டு. என்றாலும் அரசு தன்னைக் காத்துக்கொள்ளப் பார்த்தது என்பதால், நோயாளியின் உரிமை இயக்குநர் கைக்கு வந்துவிடாது. மருத்துவரும் காவலரும் பொதுப்பணியில் இருப்பவர்கள். அவர்கள் செய்வதைக் காட்ட அவர்களிடம் கேட்க வேண்டியதில்லை. அடைக்கப்பட்டவரின் முகம் அவருடையது. அவரால் சம்மதிக்க முடியாதென்றால் புனலும் சிகரெட்டும் மருத்துவரின் கையும் போதும். முகமில்லாமல் வலி உறைக்காது என்பார்கள். உண்மைதான், ஆனால் அந்த இழப்பைப் படம்தான் ஏற்க வேண்டும், அந்த மனிதர் அல்ல.

பேசவும் மறுக்கவும் முடிந்தவர்கள் விஷயத்தில் இன்னும் நல்ல வழி உண்டு: அவர்களோடு சேர்ந்து படமெடுப்பது, வெளியிடும் முன் அவர்களுக்குக் காட்டுவது. நியூயார்க்கில் ரயில் சுரங்கத்துக்குள் குடிசை கட்டி வாழ்ந்தவர்களைப் பற்றி மார்க் சிங்கர் எடுத்த ‘டார்க் டேஸ்’ 2000இல் வெளிவந்தது. அங்கு வாழ்ந்தவர்களே விளக்குப் பிடித்தார்கள், கேமராவை நகர்த்தும் வண்டியைச் செய்தார்கள். சுரங்கத்திலிருந்து அவர்களை வெளியேற்றும் நேரம் நெருங்கியபோது, அவர்களுக்கு வீடு கிடைக்க இயக்குநர் பாடுபட்டார். இவ்வளவு நெருங்கினால் நடுநிலை போய்விடும், படத்தை முன்கூட்டிக் காட்டினால் வெட்டச் சொல்வார்கள் என்று அஞ்சுபவர்கள் உண்டு. நெருக்கம் ‘டார்க் டேஸ்’ படத்தைப் பொய்யாக்கவில்லை. போதைப் பழக்கத்தையும் சண்டையையும் அது மறைக்கவில்லை. முன்கூட்டிக் காட்டுவது கதையை அவர்கள் இஷ்டத்துக்கு மாற்றுவதற்காக அல்ல. தங்கள் முகத்தையும் தங்கள் வாழ்க்கையையும் திரும்பக் கேட்கும் உரிமை அவர்களுக்கு இருப்பதால். முதல் நாள் வாங்கிய கையெழுத்து அந்த உரிமைக்கு ஈடாகாது. ஆவணப்படத்துக்கு நிதி தருபவர்களும் விழாவுக்குப் படம் தேர்ந்தெடுப்பவர்களும் இயக்குநரிடம் முதலில் கேட்க வேண்டியது இதைத்தான்: படத்தில் இருப்பவர்கள் இதைப் பார்த்துவிட்டார்களா?