இல்லறத்தானின் ஆயுதம்

சமாதான காலத்தில் யுத்தத்துக்கு ஆயத்தம் செய்வது தர்மத்துக்கு உகந்ததா என்ற கேள்வி, டில்லியின் காரியாலயங்களைக் காட்டிலும் எங்கள் கொங்கு நாட்டில்தான் இன்று கூர்மையாக எழவேண்டியிருக்கிறது. 2019 ஜனவரியில் தொடங்கிவைக்கப்பட்ட தமிழ்நாட்டுப் பாதுகாப்புத் தொழில் வழித்தடத்தின் ஐந்து முனையங்களில் கோயம்புத்தூரும் ஒன்று. சூலூர் விமான தளத்திலிருந்து தேஜஸ் போர் விமானங்கள் எழும்புகின்றன. குன்னூரை அடுத்த வெலிங்டனில் முப்படை அதிகாரிகளுக்குப் போர்த் திட்டமிடுதலைப் போதிக்கும் ஸ்டாஃப் காலேஜ் 1947 முதல் நடந்துவருகிறது. கிணற்று மோட்டாரும் பம்புசெட்டும் செய்து பெயரெடுத்த கோவைப் பட்டறைகளில் லேத்தின் முன் நிற்கும் தொழிலாளி, தான் கடையும் உறுப்பு எந்த யந்திரத்தில் போய்ச் சேரும், அந்த யந்திரம் எவருடைய உயிரைக் குடிக்கும் என்பதை அறியாமலே கடையக்கூடும். ஆயுத பூஜையன்று அந்த லேத்துக்குச் சந்தனமும் குங்குமமும் இட்டுக் கும்பிடுகிறவனுக்கு அந்தப் பாபத்தில் பங்கு உண்டா, இல்லையா?

காங்கேயத்துக்காரரைக் கேட்டால் சட்டென்று ஒரு விடை கிடைக்கும். ஊருக்குப் பக்கத்திலே சிவன்மலையில் எழுந்தருளியிருக்கும் முருகன் தேவசேனாபதி; தெய்வமே படைத்தலைமை ஏற்றிருக்கையில் மனிதன் படை திரட்டுவதில் என்ன குற்றம் என்பார்கள். ஓடாநிலையில் கோட்டை கட்டிக் கும்பினியாரை எதிர்த்து, 1805-இல் சங்ககிரியில் தூக்கிலிடப்பட்ட தீரன் சின்னமலையையும் சாட்சிக்கு அழைப்பார்கள். பக்தர் ஒருவரின் கனவில் வந்த பொருளைப் பூக்கேட்டு உறுதி செய்துகொண்டு ஆண்டவன் உத்தரவுப் பெட்டியில் வைத்து, அதிலிருந்து உலகத்துக்கு வரப்போவதை ஊகித்துப் பேசுகிற ஊர் இது. வருமுன் அறிய விரும்புவது தவறு என்று இங்கே யாரும் சொல்லமாட்டார்கள். ஆயினும் இந்த விடை எனக்குப் போதவில்லை. சூரபத்மனின் குற்றம் ஐயத்துக்கு இடமில்லாதது. முருகன் வேல் விடுத்தபோது அதில் தவறு நேர வழியில்லை. மனிதர்களாகிய நமக்கு எதிரி யார், அவன் குற்றம் எவ்வளவு என்பதே பெரும்பாலும் பாதிதான் தெரியும்.

இதைவிட ஆழமான விடையைத் தந்தவர்கள், விசித்திரமாக, அஹிம்ஸையையே பரம தர்மமாகக் கொண்ட ஜைனர்கள். பெருந்துறைக்கு அருகே விஜயமங்கலத்தில் நிற்கும் சந்திரப்பிரப தீர்த்தங்கரர் ஆலயம், ஒரு காலத்தில் கொங்கு நாட்டில் அந்தச் சமயம் எவ்வளவு தழைத்திருந்தது என்பதற்குச் சான்று. பெருங்கதை பாடிய கொங்குவேளிர் அவ்வூரார் என்பது மரபு. போர்வீரரை உள்ளே மறைத்த பொய் யானையைக் காட்டி உதயணனைச் சிறைப்பிடித்த சூழ்ச்சியையும், அவனை மீட்க அமைச்சன் யூகி வகுத்த எதிர்ச் சூழ்ச்சியையும் ஒரு ஜைனக் கவி சுவை குன்றாமல் விரித்துரைத்தது தற்செயலன்று. முனிவனுக்கும் இல்லறத்தானுக்கும் ஒரே விதியை ஜைனர்கள் விதிக்கவில்லை. இல்லறத்தான் செய்யும் ஹிம்ஸையை நான்காகப் பிரித்தார்கள்: கொல்லவேண்டும் என்ற எண்ணத்தோடே செய்வது சங்கல்பி, அடுப்பெரித்தல், வீடு பெருக்குதல் முதலியவற்றில் நேர்வது ஆரம்பி, உழவு முதலிய தொழிலில் நேர்வது உத்யோகி, தன்னையும் தன்னைச் சேர்ந்தவர்களையும் தாக்க வந்தவனைத் தடுப்பதில் நேர்வது விரோதி. இவற்றுள் முதலாவதை இல்லறத்தான் அறவே விடவேண்டும். மற்றவற்றை இயன்றவரை குறைத்துக்கொள்ள வேண்டும். ராஜ்யம் என்பதும் ஓர் இல்லறத்தானே அன்றித் துறவி அன்று என்பது என் துணிபு. குழந்தை குட்டிகளைக் காக்கும் கடமையுள்ளவன் கையைக் கட்டிக்கொண்டு நிற்பதற்குத் தவம் என்று பெயரில்லை.

1962 அக்டோபர் 20-ஆம் தேதி விடியற்காலையில் சீனப் படை தாக்கியபோது எல்லையில் நாம்கா சூ நதிக்கரையில் நின்ற 7-ஆவது காலாட்படைப் பிரிகேடை நினைத்துப் பார்க்க வேண்டும். பனிமலையில் பருத்திச் சீருடை, கான்வாஸ் காலணி, பழைய .303 துப்பாக்கி, அதற்கும் போதாத குண்டுகள். அவர்களை அந்த நிலையில் அங்கே நிறுத்தியவர்களில் எவரும் கொலைகாரர் அல்லர். அமைதியை விரும்பியவர்களும் அவர்களில் உண்டு. ஆயினும் ஆயத்தமின்மையால் ஹிம்ஸை குறையவில்லை. அது மேஜையின் முன் இருந்தவர்களை விட்டு, ஏழை வீட்டுப் பிள்ளைகளின் தலையில் போய் இறங்கியது. படைபலத்தைப் புறக்கணித்ததை அஹிம்ஸை என்று எண்ணிக்கொள்ளும் நல்ல மனிதர்களுக்கு நான் சொல்ல விரும்புவது இவ்வளவே.

அப்படியானால் லேத்துக்காரன் முற்றும் நிரபராதியா? இங்கேதான் அந்தப் பழைய சாஸ்திரம் நம்மை எளிதில் விடுவதில்லை. ஜைன ஆசாரியர் சமந்தபத்திரரின் ரத்னகரண்டகம், வீணான தீங்குகளில் ஒன்றாக ஹிம்ஸாதானத்தை, அதாவது கொல்லும் கருவிகளைப் பிறருக்குக் கொடுப்பதை, எண்ணி விலக்குகிறது. தன் வாசலைக் காக்க வாள் வடிப்பது வேறு. இலாபத்துக்காக வாளை ஊருக்கெல்லாம் விற்பது வேறு. 2022-இல் ஒப்பந்தமாகி 2024-இல் பிரமோஸ் ஏவுகணைகள் பிலிப்பைன்ஸுக்குச் சென்றபோது நாடெங்கும் பெருமை பேசினோம். அந்த நாட்டுக்கும் காக்கவேண்டிய கடற்கரை உண்டு என்பதை மறுக்கவில்லை. ஆனால் ஏற்றுமதித் தொகை ஏறுவதே ஒரு பெருமையாகி, வாங்குபவன் எதற்கு வாங்குகிறான் என்ற கேள்வி கணக்குப் புத்தகத்துக்கு வெளியே தள்ளப்படும் நாளில், விரோதி ஹிம்ஸைக்குக் கிடைத்த அனுமதி நமக்கு உதவாது. பாபத்தின் பெரும் பங்கு அப்போது கூலிக்குக் கடைகிறவனுக்கு அன்று, விற்பனையைத் தீர்மானிக்கிறவனுக்கும் அதைக் கொண்டாடுகிற நமக்குமே உரியது. ஆயத்தமே அச்சத்தை விளைப்பதும் உண்டு. 1986-87-இல் தமிழரான ஜெனரல் சுந்தர்ஜி தலைமையில் ராஜஸ்தானத்தில் நடந்த பிராஸ்டாக்ஸ் என்ற போர் ஒத்திகை, பாகிஸ்தானோடு மெய்யான போருக்கே இழுத்துச் செல்லும்போல் இருந்தது.

ஜைனர் விதித்த மற்றொரு நியமம் பிரதிக்கிரமணம். செய்த தீங்குகளை நினைவுகூர்ந்து, ஒப்புக்கொண்டு, அவற்றினின்று திரும்புதல். விலக்க முடியாத ஹிம்ஸைக்கு இடங்கொடுத்தவர்கள் கணக்குக் கேட்காமல் விடவில்லை. இராணுவ ஆராய்ச்சிக்குள்ள மிக உயர்ந்த பயனும் இதுவென்றே கருதுகிறேன். புது ஆயுதத்துக்கு யோசனை சொல்வதைவிடப் பழைய தவற்றை மறைக்காமல் எழுதிவைப்பது கடினம். கார்கிலில் ஊடுருவியவர்களை ஆட்டிடையர்கள் கண்டு சொல்லும்படி நேர்ந்தது எப்படி என்று ஆராய 1999 ஜூலையில் அமைக்கப்பட்ட குழுவுக்குத் தலைமை தாங்கியவர் திருச்சிராப்பள்ளியில் பிறந்த கே. சுப்ரமணியம்; சில பகுதிகளை நீக்கியேனும் அந்த அறிக்கை நூலாக வெளிவந்தது. 1962 தோல்வியைப் பற்றி லெப்டினன்ட் ஜெனரல் ஹெண்டர்சன் புரூக்ஸும் பிரிகேடியர் பகத்தும் எழுதி 1963-இல் அளித்த அறிக்கையோ, 2014-இல் பத்திரிகையாளர் நெவில் மாக்ஸ்வெல் அதன் ஒரு பகுதியை உலகுக்குக் காட்டிய பிறகும், இந்திய அரசாங்கத்தால் இன்னும் வெளியிடப்படவில்லை. அதை வெளியிட வேண்டும்.