இரண்டு சபாபதிகள்

கூப்பிடுவது சபாபதி. வந்து நிற்பதும் சபாபதி.

முதலாளி டி.ஆர். ராமச்சந்திரன், உருட்டி விழிக்கும் கண். வேலைக்காரன் காளி என். ரத்னம். 1941 டிசம்பர் 14-இல் வெளியான 'சபாபதி' படம் கைபேசியில் ஓடுகிறது.

ரயில் கடலூர் துறைமுகம் தாண்டுகிறது. ஜன்னல் கம்பியில் பிசுபிசுப்பு.

*

முதலாளி ஏதோ சொல்கிறான். வேலைக்காரன் நிற்கிறான்.

அந்த நிற்பு.

பிறகு, சொன்னதைச் சொன்னபடியே செய்துவிடுகிறான். எல்லாம் அதனால்தான் கெடுகிறது.

சிரிப்புக்குச் சற்று முன்னால் மூச்சு நிற்கிறது. சிரித்த பிறகே தெரிகிறது.

*

ஆலப்பாக்கம். யாரும் ஏறவில்லை.

*

வெகு தூரத்தில் இன்னொரு ஜோடி. லாரல், ஹார்டி. 1932. பியானோப் பெட்டியை நீண்ட படிக்கட்டில் ஏற்றுகிறார்கள். பெட்டி உருண்டு கீழே வருகிறது. ஏற்றுகிறார்கள். வருகிறது.

அரைமணி நேரப் படம். ஆஸ்கர் கிடைக்கிறது.

சினிமாவுக்குப் பேச்சு வந்துவிட்டது. இவர்கள் அவசரப்படவில்லை.

*

நம் ஊரில் வாய் திறந்தால் மூடுவதில்லை. பாட்டு வேறு.

ரத்னம் நாடகக் கம்பெனிக்காரர். 'கோவலன்' நாடகத்தில் காளி வேஷம் கட்டுகிறார். காளி பெயரிலேயே தங்கிவிடுகிறாள். கொட்டகையின் கடைசி வரிசைக்கும் எட்டவேண்டிய தொண்டை. கேமரா பக்கத்தில் வந்தும் இறங்கவில்லை.

*

பேர்ல் ஹார்பரில் குண்டு விழுந்து ஒரு வாரம்தான் ஆகிறது, இந்தப் படம் வரும்போது. சில மாதங்களில் குண்டுக்குப் பயந்து சென்னையே மூட்டை கட்டப்போகிறது.

இப்போதைக்குச் சிரிக்கிறார்கள்.

*

பரங்கிப்பேட்டை. வெள்ளாற்றுப் பாலம்.

இரும்புச் சத்தத்தில் வசனம் கேட்கவில்லை. உடம்புகள் மட்டும். தோள், கழுத்து, வேட்டி.

அப்போதும் சிரிப்பு வருகிறது.

*

இனி வரப்போகும் சிதம்பரத்தில், கோபுர வாசல்களில் 108 கரணங்கள். நெற்றிவரை எகிறிய கால். கல்லில் யாரும் சறுக்கி விழுவதில்லை.

உள்ளே ஆடும் நடராஜர் பெயரும் சபாபதிதான். காலடியில் முயலகன். அவன் முகத்தைக் குனிந்து பார்த்த ஞாபகம் இல்லை.

*

படத்தில் கதாநாயகி பெயர் சிவகாமி, நடராஜரின் துணைவி பெயர். மூல நாடகத்தை எழுதிய பம்மல் சம்பந்த முதலியார் யோசித்துத்தான் வைத்திருப்பார்.

நடிப்பது பத்மா. லக்ஸ் சோப் விளம்பரத்தில் வந்தவர் என்பதால் 'லக்ஸ்' பத்மா.

ஆனால் ரத்னமும் அவருக்கு ஜோடியாக வரும் சி.டி. ராஜகாந்தமும் சேர்ந்து நின்றால், முதலாளி வீட்டுக் காதல் மறந்தேபோகிறது. ராஜகாந்தம் அசரவே மாட்டார்.

*

கிள்ளை.

பக்கத்து சீட்டுப் பெரியவர் எட்டிப் பார்க்கிறார்.

"வாத்தியார் சீன் போயிடுச்சா?"

படத்தில் சாரங்கபாணி நடிக்கும் தமிழ் வாத்தியாரைக் கேட்கிறார். படத்தைப் பின்னால் தள்ளுகிறேன்.