இறால் மீனா, பூச்சியா?



உயிர்ப்பிராணிகள் அனைத்தையும் அல்லாஹுத்தஆலா தண்ணீரிலிருந்து படைத்ததாகவும், அவற்றில் வயிற்றால் ஊர்வனவும், இரு காலால் நடப்பனவும், நான்கு காலால் நடப்பனவும் உண்டென்றும் சூரத்துந் நூரின் 45-ஆவது ஆயத்தில் அறிவிக்கிறான். இந்த ஆயத்தை ஓதும்போதெல்லாம் காரைக்குடியில் ஒரு வீட்டில் உடைபட்ட மண்சட்டி நம் நினைவுக்கு வந்துவிடுகிறது.

அந்த வீட்டார் ஹனஃபி மத்ஹபினர். மருமகளோ தொண்டிக் கடற்கரைப் பக்கத்து ஷாஃபிஈ குடும்பத்துப் பெண். தாய்வீட்டிலிருந்து வந்த இறாலை அந்தப் பெண் ஆணம் காய்ச்சினாள். பத்தாம் வகுப்புப் படிக்கும் கொழுந்தன், "உம்மா, இறால் மீனே இல்லை. கரப்பான், தேள் எல்லாம் இருக்கிற கணுக்காலி வகையில்தான் எங்கள் புத்தகத்தில் போட்டிருக்கிறது" என்று சொல்லிவிட்டான். மாமிக்கு அது போதுமானதாக இருந்தது. ஆணத்தைக் கொல்லையில் கொட்டினார். சட்டி நஜீஸாகிவிட்டதென்று அதையும் உடைத்துப் போட்டார். பூச்சி தின்கிற வீட்டுப் பெண் என்று ஒரு சொல்லும் விழுந்தது. சொல் விழுந்த மூன்றாம் நாள் தகப்பனார் வந்து மகளை அழைத்துப் போய்விட்டார். அதன் பிறகுதான் நம்மிடம் மஸ்அலா கேட்க வந்தார்கள். முதலில் கேட்டிருக்கலாம்!

பையன் சொன்னது பொய்யல்ல. உயிரினங்களை வகுத்தவர்களில் பேர்பெற்றவர் ஸ்வீடன் நாட்டு லின்னேயஸ். 1735-இல் தம் நூலை வெளியிட்டார். திமிங்கிலத்தை முதலில் மீன்களோடு வைத்திருந்தவர், 1758-ஆம் வருடப் பதிப்பில் அதைப் பாலூட்டும் பிராணிகளோடு சேர்த்தார். நண்டையும் இறாலையும் பூச்சிகளோடு வைத்தார். பின்வந்தவர்கள் அவற்றைப் பூச்சியிலிருந்து பிரித்துத் தனி வகுப்பாக்கினார்கள். ஆக, இறால் பூச்சி என்பதும் இன்றைய விஞ்ஞானத்தின் சொல்லல்ல. உடம்பின் அமைப்பைப் பார்த்து உறவு காண்பது அவர்கள் வேலை.

நம் தமிழில் தொல்காப்பியத்தின் மரபியல் அறிவை அளவுகோலாக வைத்து, நண்டையும் தும்பியையும் நாலறிவு உயிர்களாக ஒரே இடத்தில் வைத்தது. அரபு நாட்டு அறிஞர் ஜாஹிள், நடப்பன, பறப்பன, நீந்துவன, ஊர்வன என்று நான்காகப் பிரித்தார். எதைத் தெரிந்துகொள்ளக் கேட்கிறோமோ அதற்கேற்ப வகுப்பு அமைகிறது. ஷரீஅத் கேட்பது, இந்தப் பிராணியிடத்தில் அடியான் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்பதை.

ஜகாத்தைப் பாருங்கள். செம்மறி வேறு, வெள்ளாடு வேறு என்பது நம் சிவகங்கைச் சீமையில் கிடை போடும் எந்தக் கோனாருக்கும் தெரியும். விஞ்ஞானிகளும் அவ்வாறே பிரிக்கிறார்கள். ஷரீஅத்தோ இரண்டையும் ஒரே இனமாக எண்ணச் சொல்கிறது. மேய்ந்து வளரும் செம்மறி 25-ம் வெள்ளாடு 15-ம் வருடம் முழுதும் ஒருவரிடம் இருந்தால், 40 ஆகிவிட்டது. ஓர் ஆடு ஏழைக்குரியது. பசுவையும் எருமையையும் அப்படியே சேர்த்து, 30 ஆனதும் ஒரு வயதுக் கன்று. பிரித்து எண்ணினால் இழப்பவர் ஏழை அல்லவா?

பூனையை எடுத்துக்கொள்ளுங்கள். அது வேட்டையாடித் தின்னும் பிராணிதான். ஆயினும் ஒளுவுக்கு வைத்த தண்ணீரில் பூனை வாய் வைத்தபோது அபூகதாதா (ரலி) அவர்கள் பாத்திரத்தைச் சாய்த்துக் கொடுத்தார்கள். உங்களைச் சுற்றி வருபவற்றில் அதுவும் ஒன்று, நஜீஸல்ல என்று நாயகம் ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் சொன்னதாக அறிவித்தார்கள். வீட்டிற்குள் புழங்குவது என்பதே இங்கே ஒரு வகுப்பாகிவிட்டது.

இனி இறாலுக்கு வருவோம். ஷாஃபிஈ மத்ஹபில் இறால் ஹலால், அதில் பேச்சில்லை. ஹனஃபி மத்ஹபில் நீர்வாழ்வனவற்றில் மீன் மட்டுமே ஆகுமானது. எனவே இறால் மீனா என்ற கேள்வி அங்கே எழுகிறது. ஹிஜ்ரி 808-இல் (கி.பி. 1405) வஃபாத்தான தமீரீ (ரஹ்) அவர்கள் ஹயாத்துல் ஹயவான் என்ற கிதாபில் இறாலைச் சிறிய சிவந்த மீன் என்றே எழுதியிருக்கிறார்கள். அதை ஆதாரமாகக் கொண்டு மௌலானா அஷ்ரஃப் அலீ தானவீ (ரஹ்) அவர்கள் கூடும் என்று ஃபத்வா கொடுத்தார்கள். விஞ்ஞானத்தின் பிரிவினையைக் கவனித்துத் தவிர்ப்பதே பேணுதல் என்ற உலமாக்களும் உண்டு. அவர்களும் இதில் கடுமை காட்ட வேண்டாம் என்றே சொல்கிறார்கள்.

அபூஉபைதா (ரலி) அவர்களின் தலைமையில் சென்ற முந்நூறு ஸஹாபாக்கள் கடலோரத்தில் கண்டு உண்ட அம்பரை ஹதீஸ் மீன் என்றே கூறுகிறது. அது திமிங்கிலம் என்று பலரும் கருதுகின்றனர். மீதமிருந்த இறைச்சியை நாயகம் (ஸல்) அவர்களும் உண்டார்கள். அரபிகள் மீன் என்றது லின்னேயஸ் வகுத்த மீன் அல்ல. அதற்காகத் தமிழில் மீன் என்று பெயர் ஒட்டியதையெல்லாம் சேர்த்துவிடவும் முடியாது. நட்சத்திர மீனை யார் ஆணம் காய்ச்சுவார்கள்? (நண்டைப் பற்றி ஷாஃபிஈ நூல்களிலேயே இரு சொல் உண்டு. அதைத் தனியே எழுத வேண்டும்.)

ஆகவே அந்த வீட்டார் இறாலைத் தின்னாமல் இருக்கலாம். தன் இமாமைப் பின்பற்றி ஹலாலை உண்ணும் பெண்ணைப் பூச்சி தின்பவள் என்று ஏச எந்த மத்ஹபிலும் இடமில்லை.

சட்டியின் விஷயம் இன்னும் தெளிவானது. ஃபுகஹாக்கள் பிராணிகளை ஓடும் இரத்தம் உள்ளவை, இல்லாதவை என்றும் பிரித்திருக்கிறார்கள். ஈ, எறும்பு போன்றவை தண்ணீரில் விழுந்து செத்தாலும் தண்ணீர் நஜீஸாவதில்லை. நீரிலேயே வாழ்பவையும் அவ்வாறே. ஹனஃபி மத்ஹபின் ஹிதாயாவில் இதற்கு உதாரணமாக நண்டே பெயர் சொல்லிக் கூறப்பட்டிருக்கிறது. உண்ணக் கூடாதது வேறு, நஜீஸ் வேறு. எனவே இறாலை மீனல்ல என்று வைத்துக்கொண்டாலும் சட்டி நஜீஸாகவில்லை.

இதைக் கேட்ட மாமி வெகுநேரம் பேசவில்லை. பிறகு, "அப்படியென்றால் கழுவி வைத்திருந்தாலே போதுமா, ஹஜ்ரத்?" என்றார்.

"போதும், உம்மா" என்றோம்.

மறுவாரம் ஜும்ஆவுக்கு வந்த அவர் மகன் சொன்னார்: உம்மா சந்தையில் ஒரு புதுச் சட்டி வாங்கிக்கொண்டு, யாரையும் துணைக்கு அழைக்காமல், தொண்டி பஸ் ஏறிவிட்டாராம்.