வினாவும் கண்ணீரும்

பொதுவாழ்விலுள்ள ஒருவரைத் தொலைக்காட்சிக் கருவியின் முன் அமர்த்தி நெடுநேரம் வினவும் செவ்வி, உண்மையை வெளிக்கொணரும் முயற்சி என்றே போற்றப்படுகின்றது. எவ்வுண்மை, எவர்பொருட்டு என்னும் வினாக்கள் அத்துணை எழுப்பப்படுவதில்லை.

1959 முதல் 1962 வரை பி.பி.சி. ஒளிபரப்பிய 'முகத்துக்கு முகம்' நிகழ்ச்சியில் வினவியவர் ஜோன் பிறீமன். அவர் முகம் திரையில் அரிதாகவே தோன்றும். விருந்தினரின் முகமே மிக அண்மையிற் காட்டப்படும். 1960 செப்ரெம்பரில், கடுகடுப்புக்குப் பெயர்பெற்ற தொலைக்காட்சியாளர் கில்பேட் ஹார்டிங் அவர்முன் அமர்ந்தார். இறந்தவர் ஒருவரின் அருகில் இருந்ததுண்டா எனப் பிறீமன் வினவினார். தாயின் மறைவை நினைந்த ஹார்டிங்கின் குரல் தழுதழுத்தது, கண்கள் கலங்கின. கருவி விலகவில்லை. நவெம்பரில் ஹார்டிங் காலமானார். (நெடுங்காலம் ஆஸ்துமாவால் வருந்தியவர் அவர், செவ்வியையும் சாவையும் காரணகாரியமாகப் பிணைத்தல் பொருந்தாது.) அவ்வாறு வினவியமைக்காகப் பிறீமனே பின்னர் வருந்தினார்.

ஹார்டிங் தாமாக இசைந்தே வந்தார் என்பர். செவ்விக்கு இசைந்தார் என்பது மெய், அவ்வினாவுக்கு இசைந்தாரா? அவர் துயரத்தை அறிந்ததனாற் பொதுமக்கள் பெற்ற பயன் யாது? காண்பதில் ஓர் இன்பம் இருந்தது. அவ்வின்பத்தையே நாம் உண்மை என மயங்குகின்றோம்.

றிச்சேட் நிக்ஸனின் நிலை வேறு. 1974 ஆகஸ்டில் அவர் பதவி துறந்தார். அடுத்த மாதமே ஜனாதிபதி போர்ட் மன்னிப்பளித்தமையால் நீதிமன்ற விசாரணைக்கு வழியில்லாது போயிற்று. 1977இல் டேவிட் புறொஸ்ற் 6 இலட்சம் டொலர் கொடுத்து அவரை வினவினார். விலைகொடுத்துப் பெறும் ஒப்புதல் ஐயத்துக்குரியதே. ஆயினும், பதவியில் இருந்தபோது அவர் செய்தவை நாட்டைப் பாதித்தவை. அவைபற்றி அழுத்தி வினவ நாட்டுக்கு உரிமையுண்டு.

இங்கும் ஒரு சிக்கல் எழுகின்றது. அமெரிக்க மக்களைத் தாம் கைவிட்டுவிட்டதாக நிக்ஸன் துயரம் தோன்றக் கூறினார். குற்றம் புரிந்ததாக ஒப்புக்கொண்டாரல்லர். பார்வையாளர் பலர் அத்துயரத்தையே ஒப்புதலாகக் கொண்டனர். ஹார்டிங்கைக் காயப்படுத்திய அதே அண்மைக்காட்சி நிக்ஸனுக்கு ஒரு புகலிடமாயிற்று. உணர்ச்சியைப் பிழிந்தெடுக்கும் வினா எளியவரை வருத்துகின்றது. வல்லவருக்கோ தப்பும் வழியைக் காட்டிவிடுகின்றது.

அச்செவ்வியில் நிக்ஸன் உண்மையில் தடுமாறிய இடம், புறொஸ்ற் ஓர் உரையாடற் பதிவின் எழுத்துவடிவை வாசித்துக் காட்டிய இடமாகும். அது அவருடைய ஆய்வாளர் ஒருவர் வாஷிங்ரன் நீதிமன்றக் கோப்புகளிலே தேடியெடுத்தது.