ஒன்றரை மனிதர்

பெங்களூரின் ஓரத்தில் இருக்கும் ஹெப்பகோடியிலிருந்து வடமேற்கே சில கிலோமீட்டர் போனால் பேகூர். அங்குள்ள நாகநாதேசுவரர் கோயிலில் ஏறத்தாழ கி.பி. 900-ஐ ஒட்டிய ஒரு கன்னடக் கல்வெட்டு இருக்கிறது. பெங்களூர் என்ற ஊர்ப்பெயருக்குக் கிடைத்திருக்கும் மிகப் பழைய சான்றாக அதைத்தான் காட்டுகிறார்கள். ஊரின் பெருமையைப் பாட அந்தப் பெயர் கல்லில் ஏறவில்லை. பெங்களூர்ச் சண்டையில் நாகத்தரன் என்பவனைச் சார்ந்தவர்கள் செத்தார்கள் என்று சொல்லும்போது, போகிற போக்கில் வந்து விழுந்த பெயர் அது. சண்டை எதற்காக, நியாயம் யார் பக்கம் என்று கல் வாதாடுவதில்லை. செத்தவர் பெயரைச் சொல்லிவிட்டு நின்றுவிடுகிறது. நடுகல்லுக்குக் காட்சி தொடங்கி வாழ்த்து வரை ஆறு படி வகுத்த தொல்காப்பியமும் இதே வழக்கத்தின் தமிழ்ப் பக்கம்தான். நம் காலத்தில் நமக்கு மிக அருகில் நடந்த போரை, 1983 ஜூலையில் மூண்டு 2009 மே மாதம் முள்ளிவாய்க்காலில் முடிந்த இலங்கை உள்நாட்டுப் போரை, இந்தக் கல்லின் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு கேள்வி எழுகிறது. போரில் செத்தவரை ஒரு மனிதராக எண்ணுவதற்கு அவரிடம் என்ன தகுதி இருக்க வேண்டும்? ஒரு தகுதியும் வேண்டாம் என்பதே என் பதில். நியாய அநியாயம் பேசும் முன்பே எண்ணி முடித்துவிட வேண்டும். எண்ணிக்கையில் கை வைத்த பிறகு பேசப்படும் அறம் எந்த மொழியில் பேசப்பட்டாலும் அறமாகாது.

இந்தக் கேள்விக்கு இலங்கையில் மிகப் பழைய ஒரு விடை உண்டு. அந்நாட்டின் பழைய வரலாற்றுக் காவியமான மகாவம்சத்தின் 25-ஆம் அதிகாரத்தில் சிங்களனான துட்டகைமுனு தமிழனான எல்லாளனை வென்று அனுராதபுரத்துக்கு அரசனாகிறான். வெற்றிக்குப் பிறகு அவனுக்கு நிம்மதியில்லை. இத்தனை பேரைக் கொன்றோமே என்று மனம் அரிக்கிறது. ஞானம் பெற்ற பௌத்தத் துறவிகளான எட்டு அரகந்தர்கள் வான்வழியே வந்து தேற்றுகிறார்கள். அவர்கள் சொல்லும் ஆறுதல் ஒரு கணக்கு: நீ கொன்றது ஒன்றரை மனிதரைத்தான், ஒருவன் மும்மணிகளைச் சரணடைந்தவன், இன்னொருவன் ஐந்து சீலங்களை மேற்கொண்டவன், மற்றவர்கள் விலங்குக்குச் சமம். இதே பௌத்தம் ஒரு நூற்றாண்டுக்கு முன் வேறொரு அரசனிடம் வேறு விதமாக எண்ணியிருக்கிறது. கலிங்கப் போருக்குப் பின் அசோகன் வெட்டுவித்த 13-ஆம் பாறைக் கல்வெட்டில் நாடு கடத்தப்பட்டவர் ஒன்றரை லட்சம், கொல்லப்பட்டவர் ஒரு லட்சம், அதைப் போலப் பல மடங்கு பேர் பின்னர் மாண்டனர் என்று அரசனே தன் வாயால் எண் கொடுத்து வருந்துகிறான். அந்தக் கல்வெட்டு கலிங்கத்து ஊர்களான தௌலியிலும் ஜௌகடாவிலும் வைக்கப்படவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். தோற்றவர் காதில் அந்த எண் விழ வேண்டாம் என்று அரசு நினைத்திருக்கலாம். ஆனாலும் எண் குறையவில்லை. இரு அரசர்களுக்கும் வருத்தம் உண்டு. ஒருவன் வருத்தம் கல்லில் நின்றது. மற்றவன் வருத்தம் ஒரு வகுத்தல் கணக்கில் கரைக்கப்பட்டது.

நிகழ்ச்சிக்கு அறுநூறு ஆண்டுகளுக்குப் பின் மகாநாமர் என்ற பிக்கு எழுதிய காவியத்தின் ஒரு வரியை வைத்து ஒரு மதத்தை எடைபோடலாமா என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. போர்க்களத்தில் வெறியோடு பொருது சாகும் வீரன் சுவர்க்கம் போவானா என்று கேட்ட படைத்தலைவனிடம், அவனுக்கு நரகம்தான் என்று புத்தர் சொன்னதாகச் சங்யுத்த நிகாயம் கூறுகிறது. மகாவம்சத்திலேயே துட்டகைமுனு எல்லாளன் விழுந்த இடத்தில் நினைவிடம் எழுப்பி வழிபாட்டுக்கு ஆணையிடுகிறான். அரசர்கள் அவ்விடத்தைக் கடக்கும்போது வாத்தியங்களை நிறுத்துவது தம் காலத்திலும் நடக்கிறது என்கிறார் ஆசிரியர். கன்றை இழந்த பசுவுக்காகச் சொந்த மகனையே பலியிட்ட நீதிமான் என்று எல்லாளனைப் புகழ்வதும் அதே நூல். நாம் அக்கதையை மனுநீதிச் சோழன் பேரில் சொல்கிறோம். கொல்லப்பட்டவரின் குணத்தைப் பொறுத்துக் கொலைப் பாவத்தின் பாரம் கூடும், குறையும் என்று தேரவாத உரையாசிரியர்கள் எழுதியிருப்பதால் அரகந்தர் வாக்குக்குச் சாத்திர ஆதாரம் இருக்கிறது என்பாரும் உண்டு. பாரம் குறையும் என்பது வேறு, ஆளே இல்லை என்பது வேறு. இதெல்லாம் ஏட்டுச் சண்டை என்று ஒதுக்கவும் வழியில்லை. 2017 அக்டோபரில், ரோகிங்கியா மக்கள் லட்சக்கணக்கில் வங்கதேசத்துக்கு ஓடிக்கொண்டிருந்த நாட்களில், மியான்மரின் பெரும் மதிப்புக்குரிய துறவியான சிதகு சயாதோ ராணுவ அதிகாரிகளுக்கு உபதேசம் செய்யும்போது எடுத்துக்கொண்டது இந்த ஒன்றரை மனிதர் கதையைத்தான்.

இலங்கையின் வடக்கே வன்னியில் நடந்தது அந்தக் கணக்கின் நவீன வடிவம். 2009-இன் தொடக்கத்தில் போர்ப் பகுதிக்குள் சுமார் 70,000 பேர்தான் இருக்கிறார்கள் என்று இலங்கை அரசு சொல்லிவந்தது. கடைசியில் வெளியே வந்து முகாம்களில் அடைபட்டவர்களே இரண்டே முக்கால் லட்சத்துக்கு மேல். இதை வெறும் தவறான மதிப்பீடாக எடுத்துக்கொள்ள முடியாது. உணவும் மருந்தும் அந்த எண்ணிக்கையைப் பார்த்தே அனுப்பப்பட்டன. எண்ணில் இல்லாதவருக்கு அரிசி இல்லை, மயக்க மருந்து இல்லை. பொதுமக்களில் ஒருவருக்கும் உயிரிழப்பில்லை என்பதே கொள்கை என்று அன்று முழங்கினார்கள். இழப்பை முழுதும் தவிர்க்க முடியவில்லை என்று 2011-இல் பாதுகாப்பு அமைச்சின் அறிக்கை ஒப்புக்கொண்டது. இறுதிக் கட்டத்தில் 40,000 பொதுமக்கள் வரை மாண்டிருக்கலாம் என்று நம்பத்தக்க தரப்புகள் மதிப்பிட்டிருப்பதை ஐ.நா. நிபுணர் குழு அதே ஆண்டு குறிப்பிட்டது. மன்னார் ஆயர் இராயப்பு யோசேப்பு இன்னும் எளிய காரியம் ஒன்றைச் செய்தார். 2008 அக்டோபரில் கச்சேரி எனப்படும் மாவட்டச் செயலகத்தின் பதிவுப்படி வன்னியில் இருந்தவர் 4,29,059. அரசின் கட்டுப்பாட்டுக்குள் வந்தவர் 2,82,380. கழித்தால் 1,46,679. அத்தனை பேரும் செத்தார்கள் என்று அவர் சொல்லவில்லை, அவர்கள் எங்கே என்று கேட்டார். எட்டுத் துறவிகளின் வகுத்தலுக்கு ஒரு துறவியின் கழித்தலே சரியான மறுமொழி என்று எனக்குத் தோன்றுகிறது. வெற்றிக்கு மறுநாள் நாடாளுமன்றத்தில் அன்றைய அதிபர் மகிந்த ராஜபக்ச இனி இந்நாட்டில் சிறுபான்மையினர் என்று யாரும் இல்லை, நாட்டை நேசிப்பவர், நேசிக்காதவர் என்ற இரு பிரிவுதான் என்றார். நேசிக்காதவர் பட்டியலில் யாரைச் சேர்ப்பது என்பது கேட்பவர் விருப்பம். சுவரொட்டிகளில் அவரைத் துட்டகைமுனுவாக வரைந்தவர்கள் எல்லாளன் நினைவிடத்தை மறந்துபோனார்கள். கோப்பாயில் விடுதலைப் புலிகளின் மாவீரர் துயிலும் இல்லம் இருந்த நிலத்தின் மேல் படைத் தலைமையகம் எழுந்தது.

இதைச் சிங்கள பௌத்தத்தின் தனிக் குணம் என்று முடித்துவிடத் தமிழ் வாசகருக்கு ஆசையாக இருக்கும். அது சரியல்ல. 1971-இலும் 1987 முதல் 1989 வரையும் மக்கள் விடுதலை முன்னணியின் கிளர்ச்சிகளை அடக்கியபோது ஆற்றில் மிதந்தவர்களும் சாலையோரம் டயரோடு எரிந்தவர்களும் சிங்கள இளைஞர்கள், பெரும்பாலும் பௌத்தர்கள். மும்மணிகளைச் சரணடைந்தவர்கள், சீலம் எடுத்தவர்கள். மகாவம்சக் கணக்குப்படி முழு மனிதர்கள். அவர்களையும் அரசு எண்ணவில்லை. ஆக, முதலில் வருவது அதிகாரத்தின் தேவை. மதம் பிற்பாடு வந்து அதற்கு அனுமதிச் சீட்டு எழுதிக் கொடுக்கிறது. எந்த மதமும் எழுதிக் கொடுக்கும், மதமில்லாத கொள்கையும் கொடுக்கும்.

நம் பக்கத்தில் அந்தச் சீட்டுக்குத் 'துரோகி' என்று பெயர். அந்தச் சொல் ஒருவர் மேல் விழுந்ததும் அவர் அரை மனிதர் ஆகிவிடுவார். அவர் சாவுக்கு ஒப்பாரி கிடையாது. 1986-இல் டெலோ இயக்கத்து இளைஞர்கள் புலிகளால் தெருவில் வேட்டையாடப்பட்டது அப்படித்தான். 'முறிந்த பனை' நூலாசிரியர்களில் ஒருவரான ராஜனி திராணகம 1989 செப்டம்பர் 21 அன்று யாழ்ப்பாணத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். 1985 மே மாதம் அனுராதபுரத்தில் 140-க்கு மேற்பட்ட சிங்களப் பொதுமக்கள், 1987 ஜூனில் அரந்தலாவையில் பேருந்தில் போன 33 பிக்குகள், 1990 ஆகஸ்ட் 3 இரவு காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுகையில் இருந்த நூற்றுக்கு மேற்பட்டோர். அதே ஆண்டு அக்டோபர் முடிவில் யாழ்ப்பாணத்து முஸ்லிம்கள் இரண்டு மணி நேரக் கெடுவில் வெளியேற்றப்பட்டார்கள். வடக்கு முழுவதிலும் அது எழுபதாயிரத்துக்கு மேல். தமிழே தாய்மொழியாகக் கொண்டவர்கள் அவர்கள். 2002-இல் புலிகளின் அரசியல் ஆலோசகர் அன்ரன் பாலசிங்கம் அதை அரசியல் தவறு என்றார். அரசியல் தவறு என்றால் கணக்கு பிசகிவிட்டது என்று பொருள்; ஆட்களை எண்ணவில்லை என்ற ஒப்புதல் அதில் இல்லை. தம் போராளிகளை எண்ணுவதில் புலிகளுக்கு நிகரில்லை. 1989 முதல் நவம்பர் 27 தோறும் விளக்கேற்றி, ஒவ்வொருவருக்கும் கல் வைத்து, பெயர் பொறித்தார்கள். நடுகல் மரபு அங்கே உயிரோடு இருந்தது. முள்ளிவாய்க்காலில் தப்பியோட முயன்ற மக்களை அதே இயக்கம் சுட்டதையும் அந்த ஐ.நா. அறிக்கையே பதிந்திருக்கிறது. அவர்களுக்குக் கல் இல்லை. கடல் தாண்டி இருக்கும் நம் லட்சணமும் இதுதான். 1991 மே 21 ஸ்ரீபெரும்புதூரில் ராஜீவ் காந்தியோடு பத்துக்கு மேற்பட்டோர் செத்தார்கள். மூன்று மாதம் கழித்து, பேகூருக்குப் பக்கத்தில் இருக்கும் கோணனகுண்டேயில், அந்தக் கொலையை முன்னின்று நடத்திய சிவராசன் உள்ளிட்ட எழுவர் கதை முடிந்தது. சிவராசன் பெயர் எல்லாருக்கும் தெரியும். ராஜீவோடு செத்த காவலர்களில் ஒருவர் பெயர் சொல்லுங்கள் என்றால் நம்மில் எத்தனை பேர் வாய் திறப்போம்?

ஒடுக்கியவனையும் ஒடுக்கப்பட்டவனையும் ஒரே தராசில் நிறுத்துகிறாயா என்ற சீற்றம் இங்கே வரும். அது பொய்ச் சீற்றம் இல்லை. 1956-இல் தனிச் சிங்களச் சட்டம், 1972 அரசியலமைப்பில் பௌத்தத்துக்கு முதன்மை இடம், 1981-இல் யாழ்ப்பாண நூலகத்தின் 97,000 நூல்கள் சாம்பல், 1983-இல் கொழும்புத் தெருக்கள் என்று போருக்குப் போன பாதை யார் வெட்டியது என்பதில் மறைவு ஏதுமில்லை. விமானமும் பீரங்கியும் நீதிமன்றமும் கையில் வைத்திருந்த அரசின் பொறுப்பு எந்த இயக்கத்தின் பொறுப்பையும்விடப் பெரிது. ஆனால் எண்ணுவது தராசு பிடிப்பதாகாது. தராசுக்கு நியாயம் வேண்டும், சாட்சி வேண்டும், காலம் வேண்டும். எண்ணுவதற்குச் செத்தவர் ஒரு மனிதர் என்பது போதும். காத்தான்குடியை எண்ணுவதால் முள்ளிவாய்க்காலில் ஒருவர்கூடக் குறைவதில்லை. எண்ணாமல் விட்டால் குறைகிறது: எங்கள் பிணத்தை மட்டும் எண்ணு என்று கேட்பவருக்கு, எதிரியும் அதையேதான் கேட்கிறான் என்ற பதில் காத்திருக்கிறது.

இன்னொரு மறுப்பு தத்துவத்திலிருந்து வரும், அதுதான் எனக்கு அதிகக் கடினமாகப் படுகிறது. குருட்சேத்திரத்தில் தயங்கிய அர்ச்சுனனிடம் கண்ணன் வைத்த வாதங்களில் ஒன்று, ஆன்மா கொல்லப்படுவதில்லை என்பது. அப்படியானால் எண்ணுவதற்கு யாரும் இல்லை. ஒன்றரைகூட இல்லை, பூச்சியம். நான் இதற்குக் கீதையை மறுத்து விடை சொல்லப் போவதில்லை, மகாபாரதத்தையே காட்டுகிறேன். அந்த உபதேசத்தோடு காவியம் முடியவில்லை. போர் ஓய்ந்தபின் ஸ்திரீ பருவத்தில் பெண்கள் களத்தில் உடல் தேடி அலைகிறார்கள்; காந்தாரி ஒவ்வொரு பிணமாகக் காட்டிப் பெயர் சொல்லி அழுகிறாள், கண்ணனையே சபிக்கிறாள். நீர்க்கடன் கொடுக்கும் வேளையில் கர்ணனையும் சேர்த்துக்கொள் என்று குந்தி சொல்லும்போதுதான், தாங்கள் கொன்ற எதிரி தன் அண்ணன் என்று தருமனுக்குத் தெரிகிறது. ஆன்மா அழியாது என்பதைக் காவியம் முற்பகுதியில் சொல்லிவிட்டது. அப்படிச் சொன்ன பிறகும் பிணங்களை எண்ணாமல் அதனால் மேலே போக முடியவில்லை. நம் வள்ளுவரும் அறத்துப்பாலில் கொல்லாமை வைத்தார், பொருட்பாலில் படைச்செருக்கு வைத்தார். இரண்டையும் ஒட்டவைத்து மனத்தை ஆற்றிக்கொள்ள வழி எதுவும் எழுதித் தரவில்லை. துட்டகைமுனுவுக்கும் அந்த ஆறுதல் கிடைக்காமல் இருந்திருந்தால் நல்லது.

எண்ணும் வேலை இன்னும் முடியவில்லை. யாழ்ப்பாணத்துக்கு வெளியே செம்மணியில் புதைகுழி இருக்கிறது என்பதை 1998-இல் வெளியே சொன்னவர், கிருசாந்தி குமாரசுவாமி என்ற மாணவியின் கொலை வழக்கில் தண்டனை பெற்ற ஒரு சிங்களச் சிப்பாய். மறு ஆண்டு தோண்டியபோது 15 உடல்கள் கிடைத்தன. பிறகு வழக்கு உறங்கிவிட்டது. 2025-இல் அதே பகுதியில், சித்துப்பாத்தி மயானத்தில், நீதிமன்ற மேற்பார்வையில் மீண்டும் தோண்டினார்கள். 200-க்கு மேற்பட்ட எலும்புக்கூடுகள் வெளிவந்தன. அவற்றில் குழந்தைகளுடையவையும் இருந்தன. கூடவே ஒரு நீலப் பள்ளிப் பையும் விளையாட்டுப் பொம்மையும் கிடந்தன. எலும்புக்கூடுகளுக்கு வரிசை எண் இட்டிருக்கிறார்கள். பெயர்கள் இன்னும் வரவில்லை.